யாளி வளர்ந்த வரலாறு

தமிழ்நாட்டுப் பெருங்கோயில் ஒன்றினுள் நுழைந்து, கொடிமரத்தைக் கடந்து, மண்டபத் தூண்களினூடே கருவறையை நோக்கிச் செல்லுகிறவர் எவராயினும், முன்னங்கால்களைத் தூக்கி, பிடரி சிலிர்த்து, விழி பிதுங்கி, வாய் பிளந்து நிற்கும் ஒரு விலங்கின் பார்வையில் படாமல் செல்லுதல் அரிது. முகம் சிங்கத்தினது, அம்முகத்தினின்று வளைந்து இறங்குவது யானையின் துதிக்கை, கடைவாயில் தந்தம், உடலோ சில இடங்களில் புலியையும், சில இடங்களில் குதிரையையும் ஒத்திருக்கும். யாளி என்று நாம் வழங்கும் இப்பிராணிக்குப் பெயர் தந்தவர்கள் புலவர்கள். உடல் தந்தவர்கள் கல்தச்சர்கள். அந்த உடலும் ஒரு காலத்தில், ஒருவர் கையால், ஒரு தீர்மானத்தோடு அமைந்ததன்று. ஏறத்தாழ ஆயிரத்தைந்நூறு ஆண்டுகளாக, அந்தந்தக் காலத்தில் எதிர்ப்பட்ட கல்லும், ஆண்ட அரசனின் பட்டப்பெயரும், கடல் வழியே வந்திறங்கிய சரக்கும், மரத்தில் கட்டிய பழைய கட்டடத்தின் நினைவும் என இவ்வாறு ஒன்றோடொன்று தொடர்பற்ற சந்தர்ப்பங்கள் தற்செயலாகக் கூடிக்கூடி அதற்கு ஒவ்வோர் அவயவமாக அளித்துவந்தன என்பதே அதன் சரித்திரத்தைத் தொடர்ந்து பார்க்கும்போது எனக்குத் தோன்றுவது.

சங்கப் பாடல்களில் இவ்விலங்கு ‘ஆளி’ என்னும் பெயரால் வருகிறது. முடத்தாமக்கண்ணியார் பாடிய பொருநராற்றுப்படையில், தாயிடம் பால் குடிப்பதை இன்னும் மறவாத ஆளிக்குட்டி தன் முதல் வேட்டையிலேயே களிற்றை வீழ்த்துவது, இளம் பருவத்திலேயே வெண்ணிப் போர்க்களத்தில் சேரனையும் பாண்டியனையும் வென்ற கரிகாலனுக்கு உவமையாகிறது. அகநானூற்றிலோ ஆண் ஆளி ஒன்று, யானைக் கூட்டத் தலைவனின் வெண்கொம்பைப் பறித்து அதன் உள்ளிருக்கும் குருத்தை உண்ணுகிறது. அக்காலத்துப் புலவர்கள் அறிந்த காட்டில் யானையைவிட வலிய உயிர் கிடையாது. அந்த யானையையும் அடக்கவல்ல ஒன்று மலைச்சாரலில் உறைகிறது என்னும் எண்ணமே, பாலை வழியில் செல்லும் தலைவனை நினைந்து தலைவியும் தோழியும் கொள்ளும் அச்சத்திற்கு வேண்டிய முழு ஆழத்தையும் கொடுத்தது. ஆனால் அதன் நகத்தையும் வலிமையையும் செயலையும் கூறிய புலவர்கள், அதன் உருவத்தை அங்கம் அங்கமாக வருணிக்க முற்படவில்லை. எதிர்காலச் சிற்பிகளுக்கு அவர்கள் விட்டுச்சென்றது ஒரு பெயரும் ஒரு பகையும் மட்டுமே: ஆளி என்னும் பெயர், யானையோடு அதற்குள்ள தீராப் பகை.

யாளி உண்மையாகவே இம்மண்ணில் வாழ்ந்து அழிந்துபோன விலங்கென்று நம்புவோர் இன்றும் உளர். இத்தனை கோயில்களில் இத்தனை உறுதியோடு செதுக்கப்பட்டிருப்பது வெறுங் கற்பனையாக இருக்குமோ என்று அவர்கள் வினவுகின்றனர். அவர்களுடைய ஆர்வத்தை நான் மதிக்கிறேன், முடிவை ஏற்கவியலவில்லை. வாழ்ந்த விலங்காயின் எலும்பு எங்கேனும் கிடைத்திருக்கும் என்பது ஒருபுறமிருக்க, சிற்பமே அதற்கு மாறாகச் சாட்சி சொல்லுகிறது. பல்லவர் காலத்து யானையும் நாயக்கர் காலத்து யானையும் ஒரே யானைதான். பல்லவர் காலத்து யாளியும் நாயக்கர் காலத்து யாளியும் ஒரே விலங்கென்று, பெயரை மறைத்துவிட்டுக் காட்டினால், ஒருவரும் ஒப்பமாட்டார்.

கல்லில் இதன் பிறப்பைப் பல்லவ நாட்டில்தான் காண வேண்டும். செங்கல், மரம், உலோகம், சுதை ஆகிய எதுவுமின்றி மும்மூர்த்திகளுக்கும் கோயில் எடுத்ததாக மகேந்திரவர்மன் பெருமிதத்தோடு கல்வெட்டில் பொறித்துவைத்த மண்டகப்பட்டுக் குடைவரையில், தூண்கள் சதுரமும் கட்டுமாக எளிமையாக நிற்கின்றன. அவற்றில் விலங்கு ஏதுமில்லை. ஒரு தலைமுறை கடந்து மாமல்லபுரத்திற்கு வந்தால், வராக மண்டபத்திலும் மகிஷமர்த்தினி மண்டபத்திலும் தூணின் அடியில் சிங்கங்கள் அமர்ந்திருக்கின்றன. ஆங்காங்கே சிலவற்றின் தலையில் சுருண்ட கொம்பும் முளைத்திருக்கிறது. கொம்புடைய சிங்கம் எந்நாட்டிலும் இல்லை. அந்தக் கொம்பு முளைத்த கணத்திலேயே சிங்கம் யாளியாகத் தொடங்கிவிட்டது எனலாம்.

இவ்விடத்தில் சற்று நின்று பார்ப்பது தகும். அதே ஊரில், கங்கையிறங்கும் காட்சி என்றும் அருச்சுனன் தபசு என்றும் அழைக்கப்படும் பெரும்பாறையில், பெரிய களிறு ஒன்றின் கால்களினிடையே யானைக்கன்றுகள் ஒதுங்கியிருக்கின்றன. தோலின் தொய்வு, காதின் மடிப்பு, பெருத்த உடலைத் தாங்கிய காலின் உறுதி யாவும், நாள்தோறும் யானையைக் கண்டு பழகிய கண் செய்த வேலை என்பதில் ஐயமே எழாது. சில நூறு அடிகள் தள்ளியிருக்கும் சிங்கங்களைப் பார்த்தாலோ, பிடரிமயிர் சுருள் சுருளாக ஒழுங்குபட அடுக்கப்பட்டு, முகம் மனிதர் அணியும் முகமூடியின் தன்மையோடு விளங்குகிறது. இது திறமைக் குறைவன்று. தென்னாட்டுக் காடுகளில் சிங்கம் திரிந்ததற்குச் சான்று கிடையாது; அந்தச் சிற்பி தன் ஆயுளில் ஒரு சிங்கத்தையேனும் கண்டிருக்கமாட்டான். அசோகன் தூண்களிலும் அமராவதி ஸ்தூபத்திலும் ஏறி, கையிலிருந்து கைக்கு மாறித் தெற்கே வந்துசேர்ந்த சிங்க உருவத்தைத்தான் அவன் அறிவான். கண்டதைச் செதுக்குகையில் அவன் உண்மைக்குக் கட்டுப்பட்டான். காணாததைச் செதுக்குகையில் அவனுக்குச் சுதந்திரம் கிடைத்தது. சிங்கம் தமிழ்நாட்டில் இல்லாமற்போன ஒரு தற்செயலால்தான் யாளி இங்கே இத்தனை செழிப்பாக வளர்ந்ததென்பது என் துணிபு.

அடுத்த சந்தர்ப்பம் ஓர் அரசனின் பெயராக வந்தது. எட்டாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் காஞ்சிக் கைலாசநாதர் கோயிலை எடுப்பித்த இரண்டாம் நரசிம்மவர்மன், இராஜசிம்மன் என்னும் பட்டப்பெயரை விரும்பிப் பூண்டவன். அரசர்களில் சிங்கமாகிய அவன் எடுத்த கோயிலில், மாமல்லபுரத்தில் அமர்ந்திருந்த விலங்குகள் எழுந்து பின்னங்கால்களில் நின்றன. மூலைதோறும், சுவரின் அரைத்தூண்தோறும், திருச்சுற்றின் சிறு சந்நிதிதோறும் அவை பாய்ந்து நிற்பதைக் காணலாம். அடித்தளத்திற்குக் கருங்கல்லையும் அதன் மேலுள்ள சுவர்களுக்கு மணற்கல்லையும் அவன் பயன்படுத்தினான். மணற்கல் உளிக்கு எளிதில் இணங்கும். ஆகையால் வேகமும் துள்ளலும் சிற்பத்தில் வந்துவிட்டன. மழைக்கும் காற்றுக்கும் அது அதே எளிமையோடு இணங்கிவிடுவதால், பிற்காலத்தார் பூசிய சுதையின் கீழே பல யாளிகளின் முகம் மழுங்கிக் கிடக்கிறது. மாமல்லபுரத்தை அடுத்த சாளுவன்குப்பத்தில், புலிக்குகை என்று மக்கள் வழங்கும் பாறையில், ஒரு சிறு மாடத்தைச் சுற்றி மாலையாக அமைந்த யாளித் தலைகளையும் இங்கே நினைத்துக்கொள்ள வேண்டும். அவை புலிகளல்ல, ஆயினும் ஊரார் இட்ட பெயரே நிலைத்துவிட்டது.

சோழர்கள் யாளியைச் சிறிதாக்கினர், ஆனால் எண்ணற்றதாக்கினர். மரத்தால் கட்டிய பழங்கட்டடங்களில் கூரையைத் தாங்கும் விட்டங்களின் நுனிகள் சுவருக்கு வெளியே வரிசையாக நீட்டிக்கொண்டிருக்கும். அந்நுனிகளில் விலங்கு முகம் செதுக்கும் வழக்கமே, கட்டடம் கல்லுக்கு மாறிய பிறகு, கபோதம் என்னும் வளைந்த இறவாரத்திற்கு மேலே ஓடும் யாளிவரியாக எஞ்சியது என்று கட்டடக்கலை ஆராய்ச்சியாளர் கருதுவர். விட்டம் போய்விட்டது, விட்டத்தின் முகம் மட்டும் தங்கிற்று. 1010-ஆம் ஆண்டில் இராஜராஜன் நிறைவேற்றிய தஞ்சைப் பெரிய கோயிலில் இவ்வரி அதிட்டானமாகிய அடித்தளத்திலும் இடம்பெற்று, விமானத்தைச் சூழ்ந்து ஓடுகிறது. திருப்பங்களில் மகரத் தலைகள் வெளியே நீள, அவற்றின் திறந்த வாயினின்று போர்வீரர்கள் வெளிப்படுகின்றனர். விமானத்தின் உயரத்தையே அண்ணாந்து பார்த்துச் செல்லுகிறவர்கள், இடுப்பளவிலும் மார்பளவிலும் ஓடும் இந்த நுண்ணிய வரிசையைப் பாராமலே திரும்புவது வருத்தத்திற்குரியது. படிக்கட்டின் பக்கச் சுவரில் யாளியின் வாயினின்று நீண்டு, இறங்கி, தரையருகே சுருண்டு முடியும் துதிக்கையும் சோழர் காலத்தில் பேரழகு பெற்றது. இரண்டாம் இராஜராஜன் எடுத்த தாராசுரத்தில் அதனைக் காண்பது ஒரு பாக்கியம்.

இனி, யாளியின் வாழ்வில் பெரிய திருப்பம் குதிரையால் நேர்ந்தது. தமிழ்நாட்டின் வெப்பமும் புல்லும் உயர்ந்த சாதிக் குதிரைக்கு ஏற்றவையல்ல. பதின்மூன்றாம் நூற்றாண்டின் இறுதியில் பாண்டிய நாட்டிற்கு வந்த மார்க்கோ போலோ, ஆண்டுதோறும் அரசர் பெரும்பொருள் கொடுத்துக் கடல்வழி வாங்கும் குதிரைகள், பேணும் முறை அறியப்படாமையால் விரைவில் மடிகின்றன என்றும், அவற்றிற்குச் சோற்றோடு இறைச்சியைக் கலந்து ஊட்டுகின்றனர் என்றும் எழுதிவைத்திருக்கிறார். விஜயநகரம் தலையெடுத்து, தக்காணத்துச் சுல்தான்களின் குதிரைப் படைகளோடு ஓயாமல் பொருதவேண்டி வந்தபோது, குதிரையே இராச்சியத்தின் உயிராயிற்று. 1510-இல் கோவாவைக் கைப்பற்றிய போர்த்துக்கீசியர், அரபிக் கடல் வழி வரும் குதிரைகளைத் தம் பிடிக்குள் கொண்டுவந்தனர். விஜயநகரத்தில் தங்கிய குதிரை வணிகர் பெர்னாவோ நூனிஸ், அரசர் ஓர்மூஸிலிருந்து ஆண்டொன்றுக்கு 13,000 குதிரைகள் வாங்குவதாகக் குறிப்பெழுதினார். பொன்னைக் கொட்டி வாங்கி, சில ஆண்டுகளில் இழந்து, மீண்டும் பொன்னைக் கொட்டி வாங்கிய அந்த விலங்கைத்தான் பதினாறாம் நூற்றாண்டுச் சிற்பி தன் அரசர்களின் சபையிலும் வீதியிலும் கண்டான். தன் தூணில் அழியாத குதிரையாக நிறுத்தினான். திருவரங்கத்துச் சேஷராயர் மண்டபத்தில் முன்னங்கால் உயர்த்திப் பாயும் குதிரைகளும், மேலே ஈட்டி ஓங்கிய வீரர்களும், கீழே குத்துண்டு சுருளும் விலங்குகளும் அதற்குச் சான்று. வேலூர்க் கல்யாண மண்டபத்தில் குதிரையும் யாளியும் அடுத்தடுத்து நிற்கின்றன.

அவ்வாறு அடுத்தடுத்து நின்ற இரண்டும் ஒன்றையொன்று பாதிக்காமல் இருந்திருக்க முடியாது. மாமல்லபுரத்துத் தூணடியில் அமர்ந்த யாளிக்குச் சேணம் இல்லை. முதுகில் ஏறியவர் இல்லை. நாயக்கர் காலத்து யாளிக்கோ கடிவாளம் உண்டு, மணிமாலை உண்டு, சில தூண்களில் வீரனும் ஏறியமர்ந்திருக்கிறான். குதிரையின் துள்ளலும் நீண்ட கழுத்தும் யாளிக்கு வந்துவிட்டன. சங்கப் புலவனின் காட்டில் தனித்துத் திரிந்த பிராணி, அரசனின் லாயத்திற்குள் வந்துசேர்ந்தது. ஆயினும் தன் பழம்பகையை அது மறக்கவில்லை: அதன் பின்னங்கால்களின் கீழே பல தூண்களில் ஒரு யானை இருக்கிறது, மேலிருந்து இறங்கும் யாளியின் துதிக்கையும், கீழிருந்து உயரும் யானையின் துதிக்கையும் ஒன்றையொன்று பற்றிக்கொள்ளுகின்றன. இப்பகை தமிழ்நாட்டிற்கு மட்டுமே உரியதன்று. பதின்மூன்றாம் நூற்றாண்டில் ஒரிசாவின் கங்க அரசன் நரசிம்மதேவன் எடுத்த கோனார்க்கத்தின் வாயிலிலும் யானையை அமுக்கி நிற்கும் சிங்கங்களைக் காண்கிறோம். அந்த அரசனின் பெயரிலும் சிங்கம் இருக்கிறது.

யாளித் தூணின் அமைப்பில் அழகு ஒன்றையே காண்பவர் அதன் பாதியைத்தான் காண்கிறார். கருங்கல் மேலிருந்து அழுத்தும் பாரத்தை எவ்வளவும் தாங்கும். வளைக்கும் பாரத்திற்கோ எளிதில் முறியும். ஆகவே கல் உத்திரத்தை நெடுந்தூரம் நீட்டிப் போட இயலாது. மக்கள் திரளாக நின்று உற்சவம் காண அகன்ற நடுவழி வேண்டும் என்று பிற்கால அரசர்கள் விரும்பியபோது, எதிரெதிர்த் தூண்களின் தலையில் உத்திரத்தைத் தாங்கும் போதிகைகளை ஒன்றின்மேல் ஒன்றாக முன்னே நீட்டி, நடுவிலுள்ள இடைவெளியைக் குறுக்குவதே ஸ்தபதிகள் கண்ட உபாயம். முன்னே நீண்ட அந்தப் போதிகைக்குக் கீழே, தூணோடு ஒரே கல்லாக, முன்னோக்கிப் பாய்ந்த யாளி தன் தலையையும் பாதங்களையும் கொடுத்து நிற்கிறது. பாய்ச்சலின் கோணமும் கட்டடத்தின் தேவையும் ஒன்றாகிவிட்ட இந்தப் பொருத்தத்தை, 1623 முதல் 1659 வரை ஆண்ட திருமலை நாயக்கர் மதுரையில் எடுத்த புதுமண்டபத்தில் நின்று பார்க்க வேண்டும். நெடுங்காலம் தையற்காரர்களின் இயந்திர ஓசைக்கும் புத்தகக் கடைகளின் அடுக்குகளுக்கும் பின்னே அந்தத் தூண்கள் மறைந்திருந்தன.

அத்தகைய ஒரு யாளியின் வாய்க்குள் சற்று உற்றுப் பார்ப்போம். பற்களின் வரிசைக்குப் பின்னே, நாவின்மேல், ஒரு கல் உருண்டை கிடக்கிறது. விரலால் தள்ளினால் இப்புறமும் அப்புறமும் உருளும். வெளியே எடுக்க வராது. சேலத்தை அடுத்த தாரமங்கலத்துக் கைலாசநாதர் கோயிலில் இதனைக் காணவே வருகிறவர்கள் பலர். வெளியிலிருந்து கொண்டுபோய் வைத்த உருண்டையன்று அது. யாளியும் தூணும் எந்தக் கல்லோ அந்தக் கல்லே அதுவும். சிற்பி முதலில் வாயைப் பிளந்து, பற்களை அமைத்து, பல்லிடுக்கு வழியே மெல்லிய உளியைச் செலுத்தி, உள்ளே விட்டுவைத்த கல்லைச் சுற்றிலும் துளித்துளியாகக் கொத்தி, பொடியை வெளியேற்றி, உருட்டித் திரட்டி, இறுதியில் நாவோடு ஒட்டியிருக்கும் காம்பையும் அறுத்தெடுக்க வேண்டும். கண் முழுதும் எட்டாத இடம். கை நுழையாத இடம். ஓர் அடி தவறிப் பல்லொன்று உடைந்தால் உருண்டை விழுந்துவிடும். பிறகு ஒட்டவைக்க வழியில்லை. தட்டிப் பார்த்து ஓசையால் ஆண் கல், பெண் கல் என்று பிரித்தறிந்து, நரம்போடிய கல்லை முதலிலேயே விலக்கிவிடும் ஸ்தபதியின் பழக்கம் எவ்வளவு இன்றியமையாதது என்பது இங்கேதான் விளங்கும்.

சாஸ்திரம் இவற்றிற்கெல்லாம் விதி வகுக்காமல் இல்லை. சிங்கமுகம் கொண்டது சிம்ம யாளி, யானைமுகம் கொண்டது கஜ யாளி, குதிரைமுகம் கொண்டது அசுவ யாளி என்று முகத்தைக்கொண்டு பெயரிட்டு, வியாளம் என்று தாம் வழங்கும் யாளிகளை வகைவகையாகப் பிரித்துரைக்கும் வடமொழிச் சிற்ப நூல்கள் உள்ளன. ஆயினும் தெய்வத்திருமேனியை வார்க்கும்போதோ வடிக்கும்போதோ ஒரு யவையளவும் பிசகக்கூடாது என்று அஞ்சிய அதே சிற்பி, யாளியினிடம் வந்ததும் தாராளமாக மூச்சுவிட்டான் என்பதை, அடுத்தடுத்த இரு தூண்களிலேனும் பிடரியின் சுருளும் செவியின் மடிப்பும் நாவின் நீளமும் ஒன்றாக இராத தன்மை காட்டுகிறது. தன் பெயரை எங்கும் எழுதிவைக்காத அந்த மனிதனின் சொந்த விருப்பம் எதுவென்று நாம் அறிய விரும்பினால், மூலவரிடம் தேடிப் பயனில்லை, யாளியிடம் தேடலாம்.

கல்லை விட்டிறங்கியும் யாளி பிழைத்தது. மதுரைச் சித்திரைத் திருவிழாவில் யாளி வாகனம் வீதியுலா வருகிறது. தேர்களின் மரச்சிற்பங்களில் முகப்பு முகப்பாக அது பாய்கிறது. இவற்றினும் எனக்கு நெருக்கமானது வீணையில் வாழும் யாளி. பலா மரத்தில் குடைந்த குடத்திலிருந்து தண்டி நீண்டு, பிருடைகள் முறுக்கப்படும் இடத்தைத் தாண்டி, கீழ்நோக்கி வளைந்து யாளி முகமாக முடிகிறது. வாசிப்பவரின் இடக்கைக்கு அப்பால், நாவும் பல்லும் காட்டி, வண்ணமும் பொன்னிறமும் பூசப்பெற்று அது விழித்திருக்கிறது. இருபத்துநான்கு மெட்டுகளைக் கொண்ட இன்றைய தஞ்சாவூர் வீணையின் அமைப்பை, 1600 முதல் 1634 வரை தஞ்சையை ஆண்ட இரகுநாத நாயக்கர் காலத்தோடு இணைத்துச் சொல்வது மரபு. மதுரையில் யாளிகள் கல்லில் உச்சத்தை எட்டிக்கொண்டிருந்த அதே நூற்றாண்டு அது. ஒரு சிங்கத்தையும் காணாத நாட்டில் பிறந்த அந்த முகம், சரஸ்வதியின் மடியிலும் இடம்பெற்றுவிட்டது.

காஞ்சிபுரத்தில் ஒரே காலைப்பொழுதில், கைலாசநாதர் கோயிலில் எட்டாம் நூற்றாண்டு யாளியையும், வரதராஜர் கோயிலின் நூற்றுக்கால் மண்டபத்தில் விஜயநகர காலத்து யாளியையும் பார்த்துவிடலாம். பிற உயிர்களின் பரிணாமத்தில் முன்னைய வடிவங்கள் பல மறைந்துபோயின. யாளியின் பரிணாமத்திலோ எந்த வடிவமும் மறையவில்லை. எல்லாக் காலங்களும் ஒரே ஊரில், ஒரே வெயிலில் உடன் வாழுகின்றன. அந்தப் பேற்றினை நம் கவனக்குறைவால் இழந்துவருகிறோம் என்பதைச் சொல்லாமல் இருக்க மனம் ஒப்பவில்லை. திருப்பணி என்னும் பெயரால் தூண்களின்மேல் அடுக்கடுக்காகச் சுண்ணாம்பு ஏற்றி, பிறகு அதனை நீக்குவதற்காக விசையோடு மணலை வீசியடித்தபோது, சுண்ணாம்போடு பிடரியின் நுண்கோடுகளும் உளி விட்ட தடங்களும் பல கோயில்களில் போய்விட்டன. பளபளக்கும் எண்ணெய் வண்ணம் பூசப்பட்ட இடங்களில் பல்லிடுக்கு அடைபட்டு, வாய்க்குள் உருண்டை உருளாமல் ஒட்டிக்கொள்கிறது. கல்லை நீராலும் மென்மையான தூரிகையாலும் துடைத்தலே போதும் என்பதைக் கல்வேலை அறிந்தவர்கள் பலகாலும் எடுத்துரைத்துள்ளனர்.

இத்தொழில் அற்றுப்போகவில்லை என்பது ஆறுதல். 1957-இல் மாமல்லபுரத்தில் தொடங்கப்பெற்ற அரசினர் சிற்பப் பள்ளி பின்னர்க் கல்லூரியாக வளர்ந்து, தலைமுறை தலைமுறையாகச் சிற்பிகளை அனுப்பிவருகிறது. அவ்வூர்ப் பட்டறைகளிலிருந்து கடல்கடந்த கோயில்களுக்கும் தூண்கள் செல்லுகின்றன. ஆனால் புதிய மண்டபங்களில் நாம் காண்பதெல்லாம் பெரும்பாலும் நாயக்கர் காலத்துப் பாயும் யாளியே. பட்டறையிலிருந்து நடந்தே செல்லக்கூடிய தொலைவில், வராக மண்டபத் தூணடியில், சுருண்ட பிடரியோடு அமர்ந்திருக்கும் அந்தப் பழைய வடிவத்தை மீண்டும் ஒரு புதிய கோயிலின் தூணில் அமர்த்த எந்த ஸ்தபதியேனும் முன்வருவாராயின், அதற்கு இசையும் தர்மகர்த்தாக்களும் கிடைப்பார்களாயின், அது பெரிதும் வரவேற்கத்தக்கது.